மீன் வெட்டும் கல்லின் மறுபக்கம்

சந்தையில் மீன் வெட்டுகிற அக்காவின் முன்னால் ஒரு கருங்கல் பலகை கிடக்கிறது. இரண்டு சீமெந்துக் கட்டிகளின்மேல் கிடையாக வைத்தது. நீளம் மூன்றடிக்குச் சற்றுக் கூட, அகலம் இரண்டடிக்குச் சற்றுக் குறைவு. பிறகு அளந்து பார்த்துத்தான் சொல்கிறேன். எத்தனையோ வருடங்களாகக் கிழமையில் இரண்டு நாள், புதனும் வெள்ளியும், அதன் எதிரே நின்று மீன் வாங்கியிருக்கிறேன். ஆனால் அந்தக் கல்லை நான் பார்த்ததில்லை. செதிலும் குடலும் ஒட்டிக்கிடக்க, இரத்தத் தண்ணீர் ஓரத்தால் வழிந்து வாய்க்காலுக்குள் சொட்டிக்கொண்டிருக்கும். மூச்சை அடக்கிக்கொண்டு மீனை வாங்கி, பையின் வாயை முடிச்சுப் போட்டுக்கொண்டு திரும்பிவிடுவேன்.

போன மாரியில், பெரிய மழை ஓய்ந்தபின் வந்த புதன்கிழமை, சந்தை வாய்க்காலைத் துப்புரவாக்குவதற்காக உள்ளே இருந்த எல்லாவற்றையும் கிளப்பினார்கள். அந்தக் கல்லையும் இரண்டு பேர் தூக்கிச் சுவரோடு சாய்த்து நிறுத்தினார்கள். அதன் அடிப்பக்கம் எனக்கு முன்னால் நின்றது. மேல் மூலை ஒன்றில் பிறை, மற்ற மூலையில் சிலுவை. நடுவே தமிழ் எழுத்து, வரி வரியாக, ஒரு எழுத்துக்கூடச் சிதையாமல். கடைசி வரியில் இரண்டு ஆண்டுகள்: ஒன்று ஹிஜ்ரி, ஒன்று கிறிஸ்து வருடம். நேரம் காலை எட்டு பத்து. எனக்குக் குமட்டியது. மீன் நாற்றம் பழகிய நாற்றம்தான். குமட்டியது என்னை நினைத்து. அது ஏன் என்று சொல்வதற்கு ஓவசியரிலிருந்து தொடங்க வேண்டும்.

அவர் பேசாலைப் பக்கத்தவர். அரசாங்கக் கட்டடங்களைத் திருத்துகிற பகுதியில் ஓவசியராக இருந்தவர். நான் அதே வளவில் இன்னொரு கந்தோரில் கிளாக்கராக இருந்தேன். என்னைவிடப் பத்துப் பன்னிரண்டு வயது மூத்தவர். கட்டைக் கால்சட்டை, கக்கிச் சட்டை, சட்டைப் பைக்குள் மடக்கும் அடிமட்டம். கட்டடம் எதற்குள் நுழைந்தாலும் முதலில் சுவரை விரலால் தட்டிப் பார்ப்பார், வைத்தியர் நெஞ்சைத் தட்டுவதுபோல. கடலிலிருந்து எடுத்த முருகைக்கல் சுவரா, சுட்ட கல்லா, சுண்ணாம்புப் பூச்சா, பிறகு வந்த சீமெந்துப் பூச்சா என்று அந்தச் சத்தத்திலேயே சொல்லிவிடுவார். எனக்குத் திகதிகளில் பைத்தியம். எங்கள் தீவுக் கோட்டையை 1560 இல் போர்த்துக்கீசர் கட்டினார்கள், 1658 இல் ஒல்லாந்தர் பிடித்தார்கள், 1795 இல் ஆங்கிலேயர் கைக்கு வந்தது என்று நான் தொடங்கினால் அவர் சிரிப்பார். "கிளாக்கர், பிடிச்சவங்கட திகதியெல்லாம் உங்களிட்ட இருக்கு. சுவர் வைச்சவன் ஆரெண்டு ஒரு கொப்பியிலயும் இல்லை" என்பார்.

அவருக்கு உலகத்தில் ஒரேயொரு பொருளின்மேல் வெறுப்பு இருந்தது. திறப்புவிழாக் கல். எங்கள் ஊரில் ஒரு கட்டடத்துக்கு வெள்ளையடித்தாலும் ஒருவர் வந்து திறந்துவைப்பார். திறந்தால் கல் வைக்க வேண்டும். புதுக் கல் வைப்பதென்றால் பழைய கல்லைக் கழற்ற வேண்டும். ஒரு சுவரில் இரண்டு பெரியவர்களின் பெயர் இருப்பது வந்தவருக்குப் பிடிக்காது. ஒரு கிணற்றுக் கட்டில் மட்டும் மூன்று தடவை கல் மாற்றினதாக ஓவசியர் சொல்வார். கிணறு அதே கிணறு, தண்ணீர் அதே உவர்த் தண்ணீர். செலவு மிச்சம் பிடிக்கிற ஒப்பந்தக்காரர்கள் பழைய கல்லைத் திருப்பி, முதுகுப் பக்கத்தில் புதுப் பெயரை வெட்டிவிடுவார்களாம். "ஒருத்தன்ட முதுகில மற்றவன். கழட்டிப் பாத்தா ரெண்டு பேரும் முதுகோட முதுகு ஒட்டிக்கொண்டு கிடப்பினம்." இதைச் சொல்லும்போது அவர் சிரிப்பதில்லை. எச்சிலைக் கூட்டித் துப்புவார்.

இனி மண்டபம். பாலத்தால் தீவுக்குள் நுழைந்து பட்டினத்துக்குள் வருகிறவர்களுக்கு அது கண்ணில் படாமல் போகாது. முருகைக்கல்லும் சுண்ணாம்பும் வைத்த சுவர், மூன்று வளைவு வைத்த முன்விறாந்தை, பனை வளைகளின்மேல் ஓட்டுக் கூரை. 1914 இல் தலைமன்னாருக்கு ரயிலும் அங்கிருந்து தனுஷ்கோடிக்குக் கப்பலும் ஓடத் தொடங்கியபின், இந்தியாவுக்குப் போவோரும் வருவோருமாக இந்தத் தீவு முழுவதும் வழிப்போக்கரால் நிறைந்தது. அவர்கள் படுத்தெழும்பவும் குளிக்கவும் கட்டிய மண்டபம் அது. 1964 புயலில் தனுஷ்கோடி அழிந்தது. வழிப்போக்கர் குறைந்தார்கள். மண்டபத்தில் சந்தைக்கு வந்த விடத்தல்தீவுக்காரரும், பாப்பாமோட்டையிலிருந்து நெல் கொண்டுவந்த கமக்காரரும் தங்கினார்கள். ஆட்கள் இல்லாத நாளில் ஊர்க் கழுதைகள் தங்கின. யாரும் துரத்தவில்லை.

1990 ஒக்டோபரில் ஆயுதம் தாங்கிய இயக்கத்தினர் முஸ்லிம் மக்களை ஊரைவிட்டு வெளியேற்றினார்கள். தீவின் முஸ்லிம் ஊரான தாராபுரம் வெறிச்சோடியது. அந்த நாட்களைப் பற்றி நான் வைத்திருக்கும் குறிப்பு இரண்டே வரி. எழுதக் கை வரவில்லை என்று நெடுங்காலம் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பயத்தில் எழுதவில்லை என்பதுதான் சரி. அதன்பின் மண்டபம் ஒரு கந்தோரின் களஞ்சியமானது. பிறகு சண்டை சற்று ஓய்ந்திருந்த காலத்தில் ஒருவர் அதற்கு வெள்ளையடிப்பித்துத் திறந்துவைக்க வந்தார். வாசலில் இருந்த பழைய கல்லைக் கழற்றி உடைத்துக் கொங்கிறீற்றுக்குள் போடும்படி ஓவசியருக்குச் சொல்லப்பட்டது. கல் கழன்றது. புதுக் கல் ஏறியது. பழையது உடைந்தது என்றே எல்லோரும் நினைத்தோம்.

சண்டை முடிந்து சில வருடங்களின்பின் சுற்றுலாவுக்கென்று ஒரு குழு அமைத்தார்கள். பட்டினத்தின் பழைய கட்டடங்களைப் பற்றிச் சிறு நூல் ஒன்று எழுதித் தரும்படி என்னைக் கேட்டார்கள். அப்போது நான் ஓய்வுபெற்றிருந்தேன். இப்படியொரு அழைப்புக்காகவே ஆயுள் முழுவதும் காத்திருந்தவன்போல எழுந்தேன். மண்டபத்துக்கு ஒரு பக்கம் ஒதுக்கினேன். அதைக் கட்டியவர் யார் என்று கேட்க ஓவசியரிடம் போனேன். அவருக்கு ஒரு கண்ணில் பார்வை போய்விட்டது. வீட்டு முற்றத்தில் சாய்வுக் கதிரையில் இருந்தார்.

"தாராபுரத்தில சங்கு வியாபாரி ஒராள், இஞ்ச பெரிய வலை வைச்சிருந்த வேதக்காரச் சம்மாட்டி ஒராள். ரெண்டு பேரும் சேந்து கட்டினது. கல்லில இருந்தது. நான் கழட்டேக்க வாசிச்சனான்" என்றார். பெயர்களையும் சொன்னார்.

"கல் இல்லையே ஐயா. உறுதிப் பத்திரம், கடிதம் ஏதும் இருக்கோ?" என்று கேட்டேன்.

"கடிதம் என்னத்துக்கு? நாளைக்கு மண்டபத்துக்குப் போய்க் கதவு நிலையைத் தடவிப் பாருங்கோ. அஞ்சு வாசல். ஒண்டிலயும் தாழ்ப்பாள் போடத் துளை இல்லை. பிறகு வந்தவங்கள் ஆணி அடிச்சுத்தான் கொழுவி போட்டவங்கள். தாழ்ப்பாள் வைக்காம வாசல் வைச்சவன் ஆருக்காக வைச்சவன் எண்டு உங்களுக்கு விளங்கேல்லையோ?"

நான் போய்ப் பார்த்தேன். அவர் சொன்னது உண்மை. தேக்கு நிலைகளில் பழைய துளை ஒன்றுகூட இல்லை. திரும்ப அவரிடம் போய், அது ஆதாரம் ஆகாது என்றேன். எழுத்தில் இல்லாத எதையும் நான் எழுதுவதில்லை என்றும் சொன்னேன். அதைப் பெருமையாகவே சொன்னேன். அவர் பார்வையுள்ள கண்ணை என் பக்கம் திருப்பினார்.

"கல்லு இருக்கு" என்றார். "நீங்கள் கிழமைக்கு ரெண்டு தரம் காணுறனீங்கள்."

"எங்க ஐயா?"

"சொன்னா எழுதிப்போடுவீங்கள். எழுதினா வந்து தூக்கிக்கொண்டு போவாங்கள். அது பாவனையில இருக்கு கிளாக்கர். பாவிக்கிற கல்லை ஒருத்தரும் உடைக்கமாட்டினம். நீங்கள் என்ர சொல்லை நம்பி ரெண்டு பேரை எழுதுங்கோ. அது காணும், போதும்."

கிழவர் பகிடி விடுகிறார் என்று நினைத்தேன். வயதும் நோயும் என்று நினைத்தேன். நூலில் மண்டபத்துக்குரிய பக்கத்தில், அதைக் கட்டியவர் எவரென அறியக்கிடைக்கவில்லை என்ற ஒரு வாக்கியத்தை எழுதினேன். நேர்மையான வாக்கியம் என்று எனக்கு அதில் ஒரு திருப்தி இருந்தது. நூல் அச்சாகி வருமுன் ஓவசியர் இறந்துவிட்டார். அடக்கத்துக்குப் போனேன். எனக்கு மனதில் ஒரு உறுத்தலும் இருக்கவில்லை என்பதை இன்று எழுதும்போது வாய் கசக்கிறது.

அந்த ஒரு வாக்கியம் என்ன வேலை செய்தது என்று இரண்டு வருடங்களின்பின்தான் அறிந்தேன். மண்டபத்தை ஒரு கொம்பனிக்குத் தங்குவிடுதியாகக் குத்தகைக்குக் கொடுத்தார்கள். எதிர்ப்பு வந்தபோது, கட்டியவர் இன்னார் என்று யாரும் அறியார், ஆகையால் உரிமை கோர எவரும் இல்லை என்று பதில் சொன்னார்கள். அதற்குச் சான்றாக என் நூலின் பக்கத்தைக் காட்டினார்கள். முருகைக்கல் சுவருக்குள் குளிரூட்டியின் குழாயை இறக்கினார்கள். ஐந்து வாசலுக்கும் அட்டை தேய்த்தால் திறக்கும் பூட்டுகள் வந்தன. துளை இல்லாத தேக்கு நிலையில் இயந்திரத்தால் துளை போட்டார்கள். வழிப்போக்கர் கால் கழுவிய கிணற்றைக் கண்ணாடியால் மூடி அடியில் நீல விளக்குப் போட்டார்கள். வாசலில் திறந்துவைத்தவரின் கல். அதற்குக் கீழே, வருகிறவர்கள் வாசிப்பதற்கென்று, பித்தளைத் தகட்டில் என் வாக்கியம். காவலாளி ஒவ்வொரு காலையும் அதைத் துணியால் தேய்த்துப் பளபளப்பாக்குவார். முதல் தடவை கண்டபோது எனக்கு அதில் சிறு பெருமைகூட வந்தது. அதையும் மறைக்காமல் எழுதிவைக்கிறேன்.

பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை தாராபுரத்திலிருந்து ஒரு ரீச்சர் என் வீட்டுக்கு வந்தார். சிறுபிள்ளையாக ஊரைவிட்டுப் போய், புத்தளத்து அகதி முகாமில் வளர்ந்து, திரும்பி வந்து இங்கே படிப்பிக்கிறவர். கையில் என் நூல். அந்த வாக்கியத்தின் கீழே பென்சில் கோடு.

"சேர், இதை நீங்கதான் எழுதினதா?"

ஓம் என்றேன்.

"மண்டபம் என்ட வாப்பாட வாப்பா கட்டினது. முகாமில மழை ஒழுகுற நேரமெல்லாம் வாப்பா இந்த மண்டபத்தைத்தான் சொல்லுவார். ஊருக்குப் போனா எங்களுக்கு வீடு இல்லாட்டியும் பூட்டுப் போடாத ஒரு இடம் இருக்கு எண்டு. இப்ப வாசலில நிண்டு பாத்தா, காவல்காரன் ரூம் வேணுமா எண்டு கேக்கிறான்."

எழுத்தில் ஏதாவது இருக்கிறதா என்று அவரிடமும் கேட்டேன். எல்லாவற்றையும் விட்டுவிட்டு ஊரைவிட்டுப் போகச் சொன்னவர்களிடம் உறுதிப் பத்திரப் பெட்டியைத் தூக்கிவர அனுமதி கேட்க முடியுமா என்று அவர் திருப்பிக் கேட்டார். கோபமாகக் கேட்கவில்லை. பிள்ளைக்குக் கணக்கு விளங்கப்படுத்துகிற குரலில் கேட்டார். மண்டபம் தனக்கு வேண்டாம், பூட்டைக் கழற்றினால் போதும் என்றார். குத்தகையை எதிர்த்து அவரும் சிலரும் மனுக் கொடுத்திருந்தார்கள்; சான்று இல்லாவிட்டால் தள்ளிவிடுவார்கள். தேநீரைக் குடிக்காமலே எழுந்து போனார்.

அது நடந்து மூன்று கிழமைக்குள்தான் வாய்க்கால் துப்புரவு. சுவரோடு சாய்ந்து நின்ற கல்லில் அந்த இரண்டு பெயர்களும் இருந்தன, ஓவசியர் சொன்னபடியே. எந்த மார்க்கத்து வழிப்போக்கரும் காசு கொடாமல் தங்கலாம் என்றும், வாசல்களைப் பூட்ட எவருக்கும் உரிமை இல்லை என்றும் வெட்டியிருந்தது. நான் உடனே செய்தது என்னவென்றால், பைக்குள் இருந்த குறிப்புக் கொப்பியை எடுத்து ஹிஜ்ரி ஆண்டும் கிறிஸ்து ஆண்டும் பொருந்துகின்றனவா என்று கணக்குப் பார்த்தது. பொருந்தின. மீன் பை கையில் ஒழுகிக்கொண்டிருந்தது. அப்போதுதான் குமட்டல் வந்தது. அந்த ஆண்டை நான் இங்கே எழுதப்போவதில்லை. திகதியை முதலில் எழுதி மனிதரைப் பிறகு தேடிய பழக்கம் போதும்.

"அக்கா, இந்தக் கல்லு ஆர் தந்தது?" என்று கேட்டேன்.

"ஓவசியர் ஐயா. சாக்கால மூடி வண்டிலில கொண்டந்து அவரேதான் வைச்சவர். எழுத்துப் பக்கம் கீழ இருக்கோணும், ஆர் கேட்டாலும் குடுக்கக்கூடாது எண்டு சொன்னவர். உங்களைத் தூரத்தில கண்டா எனக்குக் கண்ணைக் காட்டிச் சிரிப்பார். ஏனெண்டு எனக்குத் தெரியாது."

"நீங்கள் ஒருக்காலும் சொல்லேல்லையே."

"நீங்கள் ஒருக்காலும் கேக்கேல்லையே ஐயா. மூக்கைச் சுளிச்சுக்கொண்டு நிப்பீங்கள். கெதியா அனுப்பிவிடுவம் எண்டுதான் நான் நினைக்கிறனான்."

ரீச்சரைக் கூட்டிவந்து காட்டினேன். தன் பாட்டனாரின் பெயர் இருந்த வரியை அவர் விரலால் ஒரு தரம் தடவினார். பிறகு விரலை மணந்து பார்த்து, சிரித்து, சேலைத் தலைப்பில் துடைத்துக்கொண்டார்.

மனுவை விசாரிக்க ஓர் அதிகாரி வந்தார். கல்லைப் பார்க்க வேண்டும் என்றார். சந்தைக்குள் காலடி வைத்ததும் லேஞ்சியை எடுத்து மூக்கை மூடிக்கொண்டார். அந்த லேஞ்சியைப் பார்க்க எனக்கு அவர்மேல் வெறுப்பு வந்தது. அடுத்த கணம், இத்தனை வருடம் அந்த இடத்தில் நானும் அப்படித்தானே நின்றேன் என்ற நினைப்பும் வந்தது. அக்கா இரண்டு வாளி கடல் தண்ணீர் ஊற்றினார். வண்டில்காரர் இருவர் கல்லைத் திருப்பினார்கள். அதிகாரி லேஞ்சிக்கு மேலால் வாசித்தார், படம் எடுத்தார், கல்லைச் சான்றுப் பொருளாகக் கந்தோருக்குக் கொண்டுபோக வேண்டும் என்றார்.

"அப்ப நான் எதில வெட்டுறது? உங்கட மேசையிலயோ?" என்றார் அக்கா.

"வேறு கல் தரலாம்."

ரீச்சர் குறுக்கே வந்தார். "வேணாம் சேர். கல் இஞ்சயே இருக்கட்டும். உங்கட கந்தோருக்குப் போனா அடுத்த திறப்புவிழாவுக்கு முதுகுப் பக்கத்தில ஆரோ பேர் வெட்டிப்போடுவான்."

பக்கத்துக் கடைக்காரர்கள் சிரித்தார்கள். ஓவசியர் இருந்திருந்தால் அந்தச் சிரிப்பில் முதல் ஆளாக இருந்திருப்பார். அதிகாரி சிரிக்கவில்லை. நூலை எழுதியவர் தன் வாக்கியத்தைப் பற்றி என்ன சொல்கிறார் என்று என்னைப் பார்த்தார். தாளை வாங்கி, கல்லின் ஓரத்தில் வைத்து எழுதினேன். கட்டியவர்களின் பெயர்கள் எனக்குச் சொல்லப்பட்டன. சொன்னவரை நான் நம்பவில்லை. நான் எழுதியது பிழை. கையெழுத்து, திகதி, நேரம். தாளின் மூலை மீன் தண்ணீரில் நனைந்துவிட்டது. வேறு தாளில் எழுதித் தாருங்கள் என்றார் அதிகாரி. இது காணும் என்று சொல்லிக் கொடுத்தேன். அவர் அதை இரண்டு விரல் நுனியால் பிடித்துக்கொண்டு போனார்.

இது நடந்து நாலு மாதமாகிறது. குத்தகையை நிறுத்திவைத்திருக்கிறார்கள். வாசல் பூட்டுகளைக் கழற்றும்படி உத்தரவு வந்து, கழற்றியும் ஆயிற்று. தேக்கு நிலைகளில் போட்ட துளைகள் அப்படியே இருக்கின்றன. அவற்றை அடைக்க யாராலும் ஆகாது. திறந்துவைத்தவரின் கல் இன்னும் சுவரில்தான். அவருக்கு வெட்கம் வர வழியில்லை. ஒரு கழுதை விறாந்தையில் படுத்திருக்கக் கண்டேன். பித்தளைத் தகட்டை மட்டும் காவலாளி கழற்றி வைத்திருந்தார். வேலை போகப்போகிற மனிதர். என்னைக் கண்டதும், "இது உங்கட எழுத்தாமே. கொண்டுபோங்கோ" என்று நீட்டினார்.

அதை வீட்டுக்குக் கொண்டுபோக எனக்கு மனம் வரவில்லை. அன்று வெள்ளிக்கிழமை. நேரே சந்தைக்குப் போனேன். கல் பழைய இடத்தில், பழைய பக்கம் மேலே தெரியக் கிடந்தது. அதன்மேல் ஒரு விளைமீனின் வயிற்றை அக்கா கீறிக்கொண்டிருந்தார். அடியில் அந்த இரண்டு பெயர்களும் ஈரம் படாமல் இருந்தன. நான் நீட்டிய தகட்டை அக்கா வாங்கி விரலால் சுண்டிப் பார்த்தார்.

"மெல்லிசு ஐயா. வெட்ட உதவாது" என்றார். பிறகு குடல் வாளியைப் பார்த்தார். "இதுக்கு மூடியாப் போடலாம். இலையான் மொய்க்குது. எழுத்து மேலயோ கீழயோ இருக்கோணும்?"

உப்புத் தண்ணீரில் பித்தளை எத்தனை நாளில் பச்சை பிடிக்கும் என்று, ஓவசியர் இருந்திருந்தால், சொல்லியிருப்பார்.

"மேல இருக்கட்டும் அக்கா" என்றேன்.